வெண்புள்ளி நோய்க்குக் கல்லுப்பு: லிட்டருக்கு எத்தனை கிராம்?

இரண்டடித்தொட்டி:

வணக்கம். மூன்று தங்கமீன்களுக்கும் வால், துடுப்பு, முதுகு என்று உடம்பெல்லாம் ரவை தூவினதுபோல வெள்ளைப் புள்ளிகள். நேற்று ஏழெட்டுதான் இருந்தன, இன்று எண்ணி முடியவில்லை. அவ்வப்போது சரளைக்கல்லில் உடம்பை உரசிவிட்டுச் சட்டென்று பாய்கின்றன. தீனி மட்டும் எடுக்கின்றன.

தொட்டியின் வெளி அளவு 60 × 30 × 38 செ.மீ. அடியில் 4 செ.மீ. சரளை, அதையும் சேர்த்துத் தண்ணீர் 33 செ.மீ. உயரம். விரல் நீளத் தங்கமீன் 3, கோரிடோரஸ் (அடியில் மேயும் சின்னக் கெளுத்தி) 2, ஒரு கொத்து கபோம்பா (நீர்ச்செடி). ஓரத்தில் மாட்டும் பில்டர். அதற்குள் பஞ்சும், ஒரு சின்ன வலைப்பையில் வெள்ளைக் கற்களும் இருக்கின்றன. போர் தண்ணீர். வெப்பம் இப்போது 25 டிகிரி.

மீன் வாங்கிய கடையில் "ரெண்டு கைப்பிடி கல்லுப்பு போடுங்க, சரியாயிடும்" என்றார்கள். தேடிப் பார்த்தால் ஒருவர் ஸ்பூன் கணக்கு, ஒருவர் காலன் கணக்கு, இன்னொருவர் சதவீதம். லிட்டருக்கு 3 கிராம் என்று எடுத்தால் 68 லிட்டருக்கு 204 கிராம் வருகிறது. இது சரியா? ஒரேயடியாகப் போடலாமா? சமையலறைத் தூள் உப்பு ஆகுமா? கோரிடோரஸ் தாங்குமா?

கண்ணாடிக்குள்_குளம்:

கேட்டுவிட்டுப் போடுவது நல்லது. கைப்பிடிக் கணக்கை விட்டுவிடுங்கள். ஒருவர் கைக்கு 40 கிராம் வரும், இன்னொருவர் கைக்கு 90 வரும். உப்பில் மருந்துக்கும் விஷத்துக்கும் நடுவே இருப்பது அளவும் நேரமும்தான்.

முதலில், இது வெண்புள்ளி நோய்தானா என்று உறுதி செய்துகொள்ளுங்கள். ஆண் தங்கமீனுக்கு இனப்பெருக்கக் காலத்தில் செவுள் மூடியிலும் பக்கத் துடுப்பின் முன் எலும்பிலும் மட்டும் வரிசையாக வெள்ளைப் பொட்டுகள் வரும். அது நோயில்லை, தானே மறைந்துவிடும். உங்கள் மீனுக்கு வாலிலும் முதுகிலும் இருக்கிறது, ஒரே நாளில் பெருகியிருக்கிறது, உரசவும் செய்கிறது. ஆகவே வெண்புள்ளிதான். புள்ளி புள்ளியாக இல்லாமல் வாயோரத்திலோ முதுகிலோ பஞ்சு ஒட்டினது போலவோ சாம்பல் திட்டாகவோ இருந்திருந்தால் அது காலம்னாரிஸ் பாக்டீரியாவாக இருக்கலாம். அதற்கு வெப்பத்தை ஏற்றினால் நோய் வேகமெடுக்கும். வித்தியாசம் தெரியாமல் ஹீட்டரைத் திருப்பி மீனை இழப்பவர்கள் அதிகம்.

அடுத்தது லிட்டர் கணக்கு. நீங்கள் எடுத்திருப்பது காலித் தொட்டியின் வெளி அளவு. கண்ணாடித் தடிமன் போக உள்ளே 59 × 29. தண்ணீர் 33 செ.மீ. என்றால் 59 × 29 × 33 = 56,463 கன செ.மீ., அதாவது 56.5 லிட்டர். சரளை 4 செ.மீ. பரப்பில் ஏறக்குறைய 6.8 லிட்டர் இடம் பிடிக்கும். அதில் சுமார் 60 சதவீதம் கல், மீதி இடுக்குத் தண்ணீர். ஆக 4 லிட்டர் கழித்தால் உண்மையான தண்ணீர் 52 லிட்டர்தான். 52 × 3 = 156 கிராம். நீங்கள் 204 போட்டிருந்தால் லிட்டருக்கு 3.9 கிராம் ஆகியிருக்கும். தங்கமீன் அதைத் தாங்கும். ஒரே தடவையில் போட்டால் பில்டரில் இருக்கும் நல்ல பாக்டீரியா தடுமாறலாம். கோரிடோரஸுக்கும் அது பேராபத்து.

156 கிராமை மூன்றாகப் பிரித்து 52, 52, 52 என்று 12 மணி நேரத்துக்கு ஒருமுறை போடுங்கள். ஒவ்வொரு முறையும் லிட்டருக்கு 1 கிராம் கூடும். தொட்டித் தண்ணீரையே 2 லிட்டர் வாளியில் எடுத்து, உப்பை முழுக்கக் கரைத்து, அடியில் தங்கும் மண்ணையும் தூசியையும் விட்டுவிட்டுத் தெளிந்ததை மட்டும் பில்டர் தண்ணீர் விழும் இடத்தில் கால் மணி நேரம் எடுத்துக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றுங்கள். கல்லுப்பை அப்படியே தொட்டிக்குள் போடாதீர்கள். தங்கமீன் அதைத் தீனி என்று வாயில் கவ்வும். அடியில் கிடக்கும் கல்லைச் சுற்றி நிற்கும் கெட்டி உப்புநீர், அதன்மேல் படுக்கும் மீனின் தோலைப் புண்ணாக்கும்.

இந்த உப்பு குறைந்தது பத்து நாள் தொட்டியில் இருக்க வேண்டும். ஏன் என்பது புரிந்தால்தான் நடுவில் நிறுத்த மாட்டீர்கள். கண்ணுக்குத் தெரியும் புள்ளிக்குள் ஒட்டுண்ணி மீனின் தோலுக்கு அடியில் இருக்கிறது. அங்கே உப்பு எட்டாது. அது வளர்ந்து, தானே கழன்று, சரளையில் விழுந்து, ஒரு கூடு கட்டி, அதற்குள் நூற்றுக்கணக்கான குஞ்சுகளாகப் பிரிகிறது. அந்தக் குஞ்சுகள் வெளியே வந்து மீனைத் தேடி நீந்தும்போதுதான் உப்பு அவற்றைக் கொல்கிறது. இரண்டு நாளுக்குள் மீன் கிடைக்காவிட்டாலும் அவை செத்துப்போகும். 25 டிகிரியில் இந்தச் சுற்று நீளும். 28-ல் மூன்று நான்கு நாளில் முடியும். அதனால் ஹீட்டர் இருந்தால் ஒரு மணி நேரத்துக்கு அரை டிகிரி வீதம் ஏற்றி 28-ல் நிறுத்துங்கள். தங்கமீனுக்கு 30 தேவையில்லை. சூடு கூடக்கூடத் தண்ணீரில் ஆக்சிஜன் குறையும்: 25 டிகிரியில் லிட்டருக்கு 8.3 மி.கிராம் வரை கரையும், 30-ல் 7.6 தான். வெண்புள்ளி செவுளிலும் இருக்கும் என்பதால் மீனுக்கு ஏற்கெனவே மூச்சுத் திணறல். ஏர் பம்ப் இரவும் பகலும் ஓடட்டும்.

இன்னும் ஒன்று, முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்: இரண்டாம் மூன்றாம் நாளில் புள்ளி கூடினதுபோலத் தெரியும். ஏற்கெனவே தோலுக்குள் புகுந்தவை வளர்ந்து கண்ணுக்குத் தெரிகின்றன, அவ்வளவுதான். அதைப் பார்த்து உப்பைக் கூட்டாதீர்கள்.

கல்லுப்பு_வாளி:

உப்பு எதுன்னு கேட்டிருந்தீங்க. பாக்கெட்ல வர்ற சாதாரணக் கல்லுப்பு போதும். தூத்துக்குடி, வேதாரண்யம், மரக்காணம் எங்க வெளஞ்சதா இருந்தாலும் சோடியம் குளோரைடுதான். மீன் கடையில "அக்வேரியம் சால்ட்"னு தனி டப்பாவுல விக்கிறதும் அதேதான், வெல மட்டும் பல மடங்கு.

அயோடின் சேர்த்த தூள் உப்பு மீனைக் கொன்னுடும்னு ஒரு பேச்சு இருக்கு. கணக்குப் போட்டுப் பாருங்க: கிலோ உப்புல 30 மி.கிராம் அயோடின்னு வச்சாலும், லிட்டருக்கு 3 கிராம் போட்டா 0.09 மி.கிராம்தான் வரும். அதனால ஒண்ணும் ஆகாது. அவசரத்துக்குப் போடலாம். ஆனா கட்டி பிடிக்காம இருக்கச் சேர்க்கிற பொருள் தூள் உப்புல இருக்கும், தண்ணி லேசா கலங்கும். கல்லுப்பு கிடைக்கும்போது அது எதுக்கு?

போடவே கூடாததுன்னு சிலது இருக்கு. ரேஷன்ல வர்ற இரும்புச்சத்து சேர்த்த உப்பு வேணாம். ரத்த அழுத்தக்காரங்களுக்கு விக்கிற குறைந்த சோடியம் உப்புல பொட்டாசியம் குளோரைடு கலந்திருக்கும், அது வேற சரக்கு, வேணாம். கருப்பு உப்புல கந்தகம் இருக்கு, வாசனையே சொல்லும். ஊறுகாய்க்கு மஞ்சள் கலந்து வச்ச உப்பை எடுத்துப் போட்டுடாதீங்க.

ஸ்பூன் கணக்கும் வேணாம். ஒரு டீஸ்பூன் தூள் உப்பு 6 கிராம் நிக்கும். கல்லுப்பு கல் பெருசானா நடுவுல காத்து, எடை கொறஞ்சுடும். சமையலறைத் தராசு ஒண்ணு வாங்கிடுங்க. அது வர்ற வரைக்கும், 1 கிலோ பாக்கெட்டை ஒரே அளவு டம்ளர்ல கொட்டி எத்தனை டம்ளர் வருதுன்னு எண்ணி வகுத்துக்கலாம்.

நன்னீர்ச்சோதனை:

மேலே இரண்டு பதிலும் சரி. ஆனால் உப்பைத் தொடுவதற்கு முன்னால் உடனே ஒன்று செய்யுங்கள். பில்டருக்குள் "வெள்ளைக் கற்கள்" என்று எழுதியிருக்கிறீர்கள். அது செராமிக் வளையமா, சியோலைட்டா? சியோலைட் என்றால் உப்பு போடுவதற்கு முன் வெளியே எடுத்துவிட வேண்டும்.

சியோலைட் தண்ணீரிலிருந்து அம்மோனியாவைப் பிடித்து வைத்துக்கொள்ளும் கல். உப்பில் உள்ள சோடியம் வந்து அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டு, அதுவரை சேர்த்து வைத்த அம்மோனியாவை எல்லாம் தொட்டிக்குள் தள்ளிவிடும். பழைய சியோலைட்டைச் சுத்தம் செய்வதே உப்புநீரில் ஊறவைத்துத்தான். அதே வேலை மீன் இருக்கும் தொட்டிக்குள் நடக்கும். "உப்பு போட்டேன், மறுநாள் காலையில் எல்லாம் செத்து மிதந்தது" என்பவர்களிடம் பில்டரில் என்ன இருந்தது என்று கேட்டால் பல முறை இதுதான் பதில். பழி உப்பின்மேல் விழுகிறது. உங்கள் போர் தண்ணீரின் பிஎச் 8 பக்கம் இருந்தால் நிலைமை இன்னும் மோசம். அந்த பிஎச்-சில் 28 டிகிரி சூட்டில் மொத்த அம்மோனியாவில் ஆறேழு சதவீதம் செவுளை எரிக்கும் வடிவத்தில் இருக்கும். பிஎச் 7-ல் அது ஒரு சதவீதம்கூட இல்லை.

கார்பன் பை இருந்தால் அது உப்பை எடுக்காது, கிடக்கட்டும். மெத்திலீன் நீலம் மாதிரி மருந்து போட்டால் மட்டும் எடுத்துவிடுங்கள்.

அம்மோனியாவும் நைட்ரைட்டும் சோதித்து, வந்த அளவை இங்கே எழுதுங்கள். 52 லிட்டரில் மூன்று தங்கமீன் என்பது நெருக்கடிதான். தண்ணீர் கெட்டதால் வலு குறைந்த மீனுக்குத்தான் நோய் முற்றும்.

இரண்டடித்தொட்டி:

கடையில் கேட்டேன், சியோலைட்தான். எடுத்துவிட்டேன். அம்மோனியா 0.5, நைட்ரைட் 1, பிஎச் 7.8. இன்னும் உப்பு போடவில்லை. கோரிடோரஸை என்ன செய்வது? கபோம்பாவை?

நன்னீர்ச்சோதனை:

நல்லவேளை. இப்போது முதல் வேலை தண்ணீர் மாற்றுவது. இன்று 40 சதவீதம், நாளை 30. சரளையைச் சைஃபன் போட்டு உறிஞ்சுங்கள். அடியில் விழுந்த ஒட்டுண்ணிக் கூடுகளும் அதோடு போகும். உப்பு அம்மோனியாவைக் குறைக்காது என்பதை மறக்க வேண்டாம்.

நைட்ரைட் விஷயத்தில் மட்டும் உப்பு உண்மையிலேயே கை கொடுக்கும். நைட்ரைட் செவுள் வழியாக உள்ளே போய் ரத்தத்தைப் பழுப்பாக்கி, ஆக்சிஜனைத் தூக்க முடியாமல் செய்கிறது. குளோரைடும் அதே வாசல் வழியாகத்தான் நுழையும். நைட்ரைட்டைப் போல் பத்து மடங்கு குளோரைடு தண்ணீரில் இருந்தால் நைட்ரைட்டுக்கு இடம் கிடைக்காது. உங்கள் 1 மி.கிராமுக்கு 10 மி.கிராம் குளோரைடு போதும். 1 கிராம் உப்பில் 0.6 கிராம் குளோரைடு இருப்பதால், முதல் தவணை 52 கிராமிலேயே தேவைக்கு மிக அதிகமாகக் கிடைத்துவிடும். வெறும் நைட்ரைட்டுக்காக உப்பு போடுகிறவர்கள் லிட்டருக்கு கால் கிராம், அரை கிராமோடு நிறுத்திக்கொள்ளலாம்.

கோரிடோரஸ் பற்றி: லிட்டருக்கு 3 கிராமில் பத்து நாள் வைக்காதீர்கள். செதிலுக்குப் பதில் எலும்புத் தகடு உள்ள மீன் அது, உப்புக்கு மென்மை. போட்டியா (Botia) போன்ற லோச் மீன் வகைகளுக்கும் இதே எச்சரிக்கை. ஆனால் சுத்தமான வேறு தொட்டிக்கு மாற்றினால் நோயையும் கூடவே அனுப்புகிறீர்கள். புள்ளி கண்ணுக்குத் தெரியாவிட்டாலும் செவுளில் இருக்கும். 15 லிட்டர் பிளாஸ்டிக் டப், ஏர் ஸ்டோன், ஹீட்டர் 30 டிகிரி, உப்பு லிட்டருக்கு 1 கிராம் மட்டும் — அதையும் இரண்டு பாதியாக. கோரிடோரஸ் 30 டிகிரியைச் சில நாள் தாங்கும். அங்கே வேலை செய்வது உப்பைவிடச் சூடும் தண்ணீர் மாற்றுவதும்தான். டப்பில் நல்ல பாக்டீரியா இருக்காது என்பதால் தினம் பாதித் தண்ணீரை மாற்றுங்கள். மாற்றும் 7.5 லிட்டரில் 7.5 கிராம் உப்பு கரைத்தே ஊற்ற வேண்டும்.

கபோம்பாவை மீன் இல்லாத வாளியில் போட்டு வெளிச்சத்தில் பத்து நாள் வையுங்கள். ஒட்டிவந்த குஞ்சுகள் மீன் கிடைக்காமல் தானே ஒழியும். 3 கிராம் உப்பில் விட்டால் கபோம்பா இலை உதிர்ந்து அழுகி, தண்ணீரையும் கெடுக்கும். நத்தை, இறால் வைத்திருப்பவர்களும் இதேபோல எடுத்துவிட வேண்டும்.

கோய்_குளம்:

குளத்துக்காரன் கணக்கு ஒன்று சொல்கிறேன். இத்தனை நாள் இழுப்பதற்குப் பதில் உப்புக் குளியல் கொடுக்கலாமே. 10 லிட்டர் வாளி, 100 கிராம் உப்பு, அதாவது லிட்டருக்கு 10 கிராம், பத்து நிமிடம். தோலில் இருக்கும் சளி கழன்று டிரைக்கோடினா, காஸ்டியா போன்ற ஒட்டுண்ணிகள் எல்லாம் அன்றைக்கே குறையும். பிறகு தொட்டியில் எப்போதும் கொஞ்சம் உப்பு இருந்தால் நோயே வராது.

கண்ணாடிக்குள்_குளம்:

குளியல் நல்ல முறைதான், ஆனால் இந்த நோய்க்கு இல்லை. நீங்கள் சொன்ன ஒட்டுண்ணிகள் தோலின்மேல் இருப்பவை, குளியலில் கழலும். வெண்புள்ளி தோலுக்கு அடியில் இருப்பது. குளித்துவிட்டுத் திரும்பப் போகும் தொட்டியில் குஞ்சுகள் காத்துக்கொண்டிருக்கும்.

குளியல் கொடுப்பவர்கள் கவனிக்க: வாளித் தண்ணீர் தொட்டித் தண்ணீராகவே இருக்கட்டும், வெப்பமும் பிஎச்சும் ஒன்றாக இருக்கும். ஏர் ஸ்டோன் போடுங்கள். பக்கத்தில் உப்பில்லாத தொட்டித் தண்ணீர் இன்னொரு வாளியில் தயாராக இருக்க வேண்டும். கடிகாரத்தைவிட மீனைப் பாருங்கள். முதலில் கொஞ்சம் துள்ளும், அது இயல்பு. ஒருபக்கமாகச் சாய்ந்தால் அந்த நொடியே எடுத்துவிடுங்கள், இரண்டு நிமிடமே ஆகியிருந்தாலும் சரி. லிட்டருக்கு 20, 30 கிராம் என்று எழுதியிருப்பதைப் பார்த்து வீட்டில் முயற்சி செய்யாதீர்கள். அங்கே தவறு நடக்கத் தேவைப்படும் நேரம் மிகக் குறைவு. ஏற்கெனவே வாயைப் பிளந்து மேலே மூச்சு வாங்கும் மீனுக்கும், கோரிடோரஸ், லோச் வகைக்கும் குளியலே வேண்டாம்.

"எப்போதும் கொஞ்சம் உப்பு" என்பதில் நான் உங்களோடு உடன்படவில்லை. உப்பிலேயே வாழ்ந்து பழகிய டிரைக்கோடினா பிறகு உப்புக்கு அசையாது. கோய் குளங்களில் இது தெரிந்த சிக்கல். நோய் வரும் நாளில் கையில் இருக்கும் மலிவான, பாதுகாப்பான மருந்தை இழந்துவிடுவோம். நன்னீர் மீனின் ரத்தத்தில் உப்பு லிட்டருக்கு 9 கிராம் அளவில் இருக்கிறது, வெளியே அநேகமாக எதுவும் இல்லை. அதனால் தண்ணீர் ஓயாமல் உடம்புக்குள் ஊறுகிறது, சிறுநீரகம் ஓயாமல் வெளியேற்றுகிறது. நோயில், புண்ணில், பயணக் களைப்பில் அந்தச் சுமையைச் சில நாள் குறைப்பது உப்பின் உதவி. நலமாக இருக்கும் மீன் அந்த வேலையைத் தானே பார்த்துக்கொள்ளும்.

ஃபைட்டர்_ஜாடி:

நடுவில் கேட்பதற்கு மன்னிக்கவும். ஃபைட்டருக்கு வயிறு வீங்கி, செதில் எல்லாம் விரிந்து நிற்கிறது. இதற்கும் கல்லுப்பா, எப்சம் உப்பா?

நன்னீர்ச்சோதனை:

இரண்டும் பெயரில்தான் உப்பு. எப்சம் என்பது மெக்னீசியம் சல்பேட். வெண்புள்ளிக்கு அது உதவாது. மலச்சிக்கலுக்கும், உடம்பில் நீர் கோத்த வீக்கத்துக்கும் கொடுப்பது. மருந்துக்கடையில் கிடைப்பதை வாங்குங்கள், உரக்கடை மூட்டை வேண்டாம். 20 லிட்டருக்கு 5 கிராம் என்பது தொடர்ந்து வைக்கும் அளவு. உங்கள் ஜாடி 4 லிட்டர் என்றால் 1 கிராம்தான். தனியாக ஒரு லிட்டரில் 4 கிராம் கரைத்து 15 நிமிடம் குளிப்பாட்டலாம், தினம் ஒரு முறை.

வீக்கம் மட்டும் இருந்து, செதில் படிந்து, மீன் கழிக்காமல் இருந்தால் இரண்டு நாள் பட்டினியும் எப்சமும் பெரும்பாலும் சரிசெய்யும். செதில் விரிந்துவிட்டது என்றால் பெரும்பாலும் சிறுநீரகம் தண்ணீரை வெளியேற்ற முடியாத நிலைக்கு வந்துவிட்டது. எப்சம் வீக்கத்தைக் கொஞ்சம் வடிக்கும், காரணத்தை மாற்றாது. தண்ணீரைச் சுத்தமாக வைத்து, மீன் பார்க்கும் கால்நடை மருத்துவர் கிடைத்தால் காட்டுங்கள். பிழைப்பது குறைவு என்பதை மறைத்துப் பேச மனம் வரவில்லை.

இரண்டடித்தொட்டி:

இன்று நான்காம் நாள். உப்பு லிட்டருக்கு 3 கிராம் ஆகி இரண்டரை நாள் ஆகிறது. இரண்டாம் நாள் நீங்கள் சொன்னபடியே புள்ளி கூடியது, இன்று பாதி உதிர்ந்துவிட்டது. நைட்ரைட் 0.25. தண்ணீர் மட்டம் ஒன்றரை செ.மீ. குறைந்திருக்கிறது. அதற்கும் உப்பு சேர்த்து ஊற்ற வேண்டுமா? எப்போது நிறுத்துவது?

கண்ணாடிக்குள்_குளம்:

ஆவியாகிக் குறைந்ததற்கு வெறும் தண்ணீர் மட்டும். உப்பு ஆவியாகாது, அத்தனையும் தொட்டிக்குள்ளேயே இருக்கிறது. சைஃபன் போட்டு எடுத்த தண்ணீருக்கு மட்டும் உப்பு: 15 லிட்டர் எடுத்தால் புதுத் தண்ணீர் 15 லிட்டரில் 45 கிராம். இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டால் நமக்குத் தெரியாமலே 3 கிராம் 4 ஆகும், 5 ஆகும். முதலில் மட்டத்தை வெறும் தண்ணீரால் பழைய கோட்டுக்குக் கொண்டுவந்துவிட்டுத்தான் எடுக்கத் தொடங்குங்கள். கண்ணாடியில் ஒரு டேப் ஒட்டிக் குறித்துக்கொண்டால் போதும். டிடிஎஸ் பேனா (தண்ணீரில் கரைந்த உப்புகளை அளக்கும் கருவி) இருந்தால் அதுவும் உதவும்: லிட்டருக்கு 1 கிராம் உப்புக்கு ஏறக்குறைய 1000 கூடும். உப்பு போடுவதற்கு முன் உங்கள் போர் தண்ணீரில் 800 காட்டியிருந்தால், இப்போது 3800-ஐ ஒட்டி நிற்க வேண்டும்.

கடைசிப் புள்ளி மறைந்த நாளிலிருந்து இன்னும் ஐந்து நாள் வைத்திருங்கள். மொத்தம் பத்து நாளுக்குக் குறைய வேண்டாம். புள்ளி போனதும் நிறுத்தினால் சரளையில் இருக்கும் கூடு ஒன்று உடைந்தாலே மறுபடி முதலிலிருந்து.

உப்பை எடுப்பதும் மெதுவாகத்தான். தினம் 30 சதவீதம் உப்பில்லாத தண்ணீர் மாற்றினால் 3 கிராம் அடுத்தடுத்த நாள்களில் 2.1, 1.5, 1.0, 0.7 என்று இறங்கும். அரை கிராமுக்குக் கீழே வந்த பிறகு கபோம்பாவை விடுங்கள். டப்பில் இருக்கும் கோரிடோரஸும் பத்து நாள் புள்ளியில்லாமல் முடித்திருந்தால் அப்போது சேர்க்கலாம். சியோலைட் பையைத் திரும்பப் போடவே வேண்டாம், அந்த இடத்தில் செராமிக் வளையம் வையுங்கள்.

கல்லுப்பு_வாளி:

எடுக்கிற தண்ணிய வழக்கம்போலத் துளசிக்கும் ரோஜாவுக்கும் ஊத்திடாதீங்க. லிட்டருக்கு 3 கிராம் உப்பு பூந்தொட்டிச் செடிக்கு ஆகாது, ரெண்டு மூணு தடவையில இலை ஓரம் கருகிடும். சாக்கடையில விடுங்க. டிடிஎஸ் பழைய அளவுக்கு வந்தப்புறம் செடிக்கு ஊத்தலாம்.